கொடிக்கம்பத்துக்கு அடியில் ஒரு ஓட்டை

பாப்பா,

ஃபிரிட்ஜ் மேலே நீ வைத்துவிட்டுப் போன படிவம் வைத்த இடத்திலேயே இருக்கிறது. ஃபேன் காற்றில் பறந்துவிடக் கூடாது என்று உங்கம்மா அதன் மேல் ஊறுகாய் பாட்டிலை வைத்திருக்கிறாள். மூன்று நாளாக நான் அந்தப் பக்கமே போகவில்லை. ஐஸ் தண்ணி வேண்டுமென்றாலும் கேட்காமல் குடத்தில் மொண்டு குடித்துக்கொள்கிறேன். உங்கம்மா விடுவாளா? "ஃபிரிட்ஜு இன்னா கடிக்குமாய்யா?" என்று கேட்டாள். கடிக்காது என்று சிரித்துவிட்டு வண்டியை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன். கடிக்கிறதுதான், அம்மாடி. அதனால்தான் இந்தக் கடிதம்.

நான் நாலாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவன். இதுவரை நான் எழுதியதிலேயே பெரியது, ஆட்டோவுக்குப் பின்னால் உன் பெயரை ஒட்டச் சொல்லி ஸ்டிக்கர் கடைக்காரனுக்குக் கொடுத்த துண்டுச்சீட்டு. அதையும் அவன் தப்பு கண்டுபிடித்துத் திருத்தினான். இப்போது தாம்பரம் ஸ்டாண்டில் வண்டியை ஓரம் கட்டிவிட்டுப் பின்சீட்டில் உட்கார்ந்து எழுதுகிறேன். வீட்டில் வேறு காகிதம் கிடைக்கவில்லை, போன தேர்தலில் மிஞ்சிய நோட்டீஸின் பின்பக்கம்தான் இது. முன்பக்கத்தைத் திருப்பிப் பார்த்தால் துரை கைகூப்பிச் சிரிப்பான். ஓட்டு கேட்டது அவன் பொண்டாட்டி. அந்த அம்மா படம் ஓரத்தில் தபால்தலை அளவுக்கு இருக்கும். நம் வார்டு பெண்கள் வார்டு ஆனதிலிருந்து நடக்கிற கூத்து இது. கவுன்சிலர் அந்த அம்மா. கவுன்சிலர் நாற்காலியில் உட்கார்ந்திருப்பது துரை. அவனுக்காக இந்த நோட்டீஸைத் தெருத்தெருவாகக் கொடுத்தது நான்.

நீ ஒன்றும் பெரிதாகக் கேட்கவில்லை. சுயேச்சையாக நிற்க வேண்டுமானால் அதே வார்டில் ஓட்டு இருக்கிற ஒருத்தர் முன்மொழிந்து கையெழுத்துப் போட வேண்டும். "நீ போடறியாப்பா?" என்று கேட்டாய். நான் என்ன சொன்னேன்? "என் கையெழுத்த பேங்க்லயே திருப்பி அனுப்புறான், கலெக்டரம்மா. எலெக்‌ஷன் ஆபீஸ்ல எடுத்துப்பானா?" என்றேன். உங்கம்மா கூடச் சிரித்தாள். நீ சிரிக்கவில்லை. "வெளாட்டு இல்லப்பா. ஏழு பேரக் கேட்டேன். ஏழு பேரும் துரை மூஞ்ச நெனச்சினு பின்வாங்கிட்டாங்க. நீயும் போடலேன்னா மரியதாஸ் மாமா போடறேன்னு சொல்லிட்டாரு" என்று சொல்லிவிட்டு ஸ்கூட்டியை எடுத்துக்கொண்டு வேலைக்குப் போனாய். எதிர் வீட்டு மரியதாஸ் பெயரைக் கேட்டதும் நான் ஆட்டோவைத் துடைக்கப் போய்விட்டேன். துரை பயத்தில் நான் தடுமாறுகிறேன் என்று நீ நினைத்திருப்பாய். பாதி சரி. மீதி பாதியைச் சொல்லத்தான் இத்தனை காகிதம்.

முதலில் நீ ஊகித்த பாதி. போன ஞாயிற்றுக்கிழமை, நீயும் அம்மாவும் மார்க்கெட்டுக்குப் போயிருந்தபோது, துரை வீட்டுக்கு வந்தான். தனியாகத்தான் வந்தான். செருப்பை வாசலில் ஒழுங்காகக் கழற்றிவிட்டு உள்ளே வந்து, உன் பட்டமளிப்புப் படத்தைப் பார்த்து, "பாப்பா நல்லா வளந்துடுச்சுடா மச்சான்" என்றான். டீ போட்டுக் கொடுத்தேன். சர்க்கரை கம்மி என்று சொல்லிக் கேட்டு வாங்கிக் குடித்தான். "கேளம்பாக்கத்துல ஆஸ்பத்திரி லேப்லதான வேல? ஸ்கூட்டியிலயா போவுது?" என்றான். ஆமாம் என்றேன். "வண்டலூர் தாண்டினா அந்த ரோட்ல டிப்பர் லாரி ஜாஸ்தி மச்சான். பசங்க கண்ணு மண்ணு தெரியாம ஓட்டுறானுங்க. பாத்துப் போவச் சொல்லு" என்றான். அவ்வளவுதான். குரலை உயர்த்தவில்லை. டம்ளரை அவனே கொண்டுபோய் ஸிங்க்கில் வைத்தான். வாசலில் செருப்பை மாட்டும்போது, "நம்ம பழைய கதையெல்லாம் இப்போ யாருக்கும் தெரிய வாணாம், இன்னா சொல்ற?" என்று தோளில் தட்டினான். நான் சிரித்தேன். அதுதான் எனக்குக் கேவலமாக இருக்கிறது. வீட்டுக்குள் வந்து என் பிள்ளையை லாரியைக் காட்டி மிரட்டிவிட்டுப் போகிறான், நான் கடைவாய்ப் பல் தெரிய சிரிக்கிறேன். சிரிப்பது எனக்குப் பழகிப் போய்விட்டது. பயம் வந்தால் மற்றவனுக்கு வேர்க்கும். எனக்கு ஜோக்கு வரும்.

நாலு நாளாக உன் ஸ்கூட்டிக்குப் பின்னால் ஒரு மஞ்சள் ஆட்டோ வந்ததே, "எவன்டா அது ஹாரன் அடிச்சினே வர்றான்" என்று நீ அம்மாவிடம் திட்டினாயே, அவன் நான்தான். காலையில் நாலு பேரை ஏற்றிக்கொண்டு போக வேண்டிய நேரத்தில் காலி வண்டியோடு கேளம்பாக்கம் முக்கு வரை வந்துவிட்டுத் திரும்புகிறேன். ஒவ்வொரு டிப்பர் உன்னைத் தாண்டும்போதும் என் கால் தானாக பிரேக்கை மிதிக்கிறது, என்னமோ நான் மிதித்தால் அந்த லாரி நிற்கும் என்பதுபோல. கொளப்பாக்கம் வளைவில் ஒருநாள் நீ போனை எடுக்க ஓரமாக நின்றாய். உன் பின்னால் ஒரு லாரியும் நின்றது. டிரைவர் இறங்கி டயரை உதைத்துப் பார்த்துவிட்டு ஏறிப் போனான். அவ்வளவுதான் நடந்தது. நான் ஸ்டாண்டுக்குத் திரும்பி, வந்த சவாரியைப் பக்கத்து வண்டியில் ஏற்றிவிட்டுப் பின்சீட்டில் படுத்துவிட்டேன். இந்த லட்சணத்தில் முப்பது வருஷம் அரசியலில் இருந்தவன் என்று பேர்.

அரசியலே வேண்டாம் என்று சொல்லவில்லை. அப்படிச் சொன்னால் பொய். அதனால் நடந்ததை நான் பார்த்திருக்கிறேன். நீ கைக்குழந்தை. அப்போது நமக்கு ரேஷன் கடை தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம். பொம்பளைகள் மண்ணெண்ணெய் கேனைத் தூக்கிக்கொண்டு ரயிலைப் பார்த்துப் பார்த்துத் தாண்டுவார்கள். மனுக் கொடுத்தோம், மறியல் பண்ணினோம், ஒரு பயலும் திரும்பிப் பார்க்கவில்லை. அந்தச் சமயம் சேர்மன் வீட்டில் பேத்திக்குக் காது குத்து. உங்கம்மாதான் யோசனை சொன்னாள். தெருவில் உள்ள அத்தனை பெண்களும் நல்ல புடவை கட்டிக்கொண்டு, கையில் ரேஷன் பையோடும் கேனோடும் மண்டபத்துக்குள் போய்ப் பந்தியில் உட்கார்ந்தார்கள். யாரும் கோஷம் போடவில்லை. குழந்தையை வாழ்த்தினார்கள், பாயசம் இன்னொரு தடவை கேட்டு வாங்கினார்கள். சேர்மன் வந்து, "இன்னாம்மா, பையோட வந்துகிறீங்க?" என்று கேட்டார். உங்கம்மா, "இப்டியே ரேஷனுக்குப் போவணும் சார். தண்டவாளம் தாண்டணும். உயிரோட திரும்புவமோ இன்னாவோ, அதான் உங்க வூட்டு சாப்பாட்ட சாப்புட்டுப் போலாம்னு வந்தோம்" என்றாள். சொந்தக்காரன் எல்லாம் பார்க்கிறான். அந்த மனுஷன் முகத்தைப் பார்க்க வேண்டுமே. இரண்டே மாதத்தில் நம் பக்கம் வாரத்துக்கு இரண்டு நாள் கடை வந்தது. இன்றைக்கு அது முழுநேரக் கடை. அன்றைக்கு உங்கம்மா இடுப்பில் இருந்துகொண்டு பலூன் கேட்டு அழுதது நீ. அரசியலென்றால் அதுதான் என்று எனக்கு இன்றைக்கும் படுகிறது. கொடியும் இல்லை, மைக்கும் இல்லை. கடை தண்டவாளத்துக்கு இந்தப் பக்கம் வந்தது.

உன்னைப் பார்க்கும்போது அந்த மண்டபம்தான் ஞாபகம் வருகிறது. குழாய்த் தண்ணியில் நாற்றம் வருகிறது என்று தெருவே மூக்கைப் பிடித்தது. நீ மட்டும்தான் ஆஸ்பத்திரி பாட்டிலில் பிடித்துக்கொண்டு போய்ச் சோதனை பண்ணி, சாக்கடை கலந்திருக்கிறது என்று எழுதி வாங்கி வந்தாய். ஒன்றரை வருஷம் அந்தக் காகிதத்தோடு அலைந்தாய். இந்த ஆபீஸில் அந்த ஆபீஸைக் கைகாட்டினான், அந்த ஆபீஸில் லஞ்ச் டயம் என்றான். ஒருநாள் செருப்பைக்கூடக் கழற்றாமல் நடுவீட்டில் உட்கார்ந்து, "மனு குடுக்குற எடத்துல நின்னு நின்னு கால் வலிக்குதுப்பா. இனிமே மனு வாங்குற எடத்துல ஒக்காரப் போறேன்" என்றாய். நான், "அப்போ குஷன் நல்லா கீதான்னு பாத்து ஒக்காரு" என்றேன். உள்ளுக்குள் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. உன் தைரியம் அதற்குக் காரணம் இல்லை. நீ கையில் பிடித்திருந்த காகிதத்தில் இருந்த அந்த வார்த்தைதான். குடிநீரில் சாக்கடை. அதை நான் இருபது வருஷத்துக்கு மேலாக மறக்கப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

இனி உனக்குத் தெரியாத பாதி. நீ இரண்டாவது படித்த வருஷம் மஞ்சள் காமாலையில் படுத்தாய். கண்ணெல்லாம் எலுமிச்சம்பழம்போல. இட்லியைப் பார்த்தாலே வாந்தி எடுப்பாய். உன்னைத் தோளில் போட்டுக்கொண்டு கீழாநெல்லி தேடி நான் அலையாத இடமில்லை. நம் தெருவில் மட்டும் ஒன்பது வீட்டில் காமாலை. எதிர் வீட்டு ரோஸி அக்காவுக்கு அப்போது ஏழாவது மாதம். மரியதாஸ் தோல் கம்பெனியில் லீவு சொல்லிவிட்டு ஆஸ்பத்திரி வாசலில் பதினோரு நாள் கிடந்தார். அக்காவும் வரவில்லை, வயிற்றில் இருந்ததும் வரவில்லை. உனக்கு அந்த அக்கா பிஸ்கெட் கொடுத்தது மட்டும் ஞாபகம் இருக்கும். மரியதாஸ் அதற்குப் பிறகு கல்யாணமே பண்ணிக்கொள்ளவில்லை என்பது தெருவுக்கே தெரியும். அந்தத் தண்ணி ஏன் கெட்டது என்பது தெருவுக்குத் தெரியாது. இரண்டு பேருக்குத்தான் தெரியும். ஒருத்தன் துரை. இன்னொருத்தன் நான்.

காமாலை வருவதற்கு இரண்டு மாதம் முன்னால் எங்கள் கட்சித் தலைவர் நம் தெருமுனை ரோடு வழியாக வந்தார். ரோட்டின் இரண்டு பக்கமும் பத்தடிக்கு ஒரு கொடிக்கம்பம் நட வேண்டும். துரை அப்போதுதான் வார்டு செயலாளர் ஆகியிருந்தான். நம் தெருமுனையில் குழி தோண்டுகிற வேலை எனக்கு. கடப்பாறையை ஓங்கிப் போட்டேன். நாலாவது போடில் மண்ணில் இறங்குகிற சத்தம் இல்லாமல் வேறு ஒரு சத்தம் வந்தது. கடப்பாறையை உருவினால் ஓட்டை வழியாகத் தண்ணி பொங்கிக்கொண்டு வருகிறது. குடிதண்ணிக் குழாய். ஒரு முழம் தள்ளிச் சாக்கடை ஓடுகிறது. துரையைக் கூப்பிட்டுக் காட்டினேன். அவன் மணியைப் பார்த்தான். "டேய் மூட்றா. தலைவர் வர்ற நேரத்துல ரோட்ல தண்ணி ஓடுனா என் மானம் போயிடும். முடிஞ்சதும் ஆள் வுட்டு சரி பண்ணிக்கலாம்" என்றான். நான் ஒரு சைக்கிள் ட்யூபைக் கிழித்துக் குழாயில் சுற்றிக் கயிற்றால் கட்டி, மேலே மண்ணைப் போட்டு மிதித்து, அதே குழியில் கம்பத்தை நட்டேன். கொடி நன்றாகத்தான் பறந்தது. தலைவர் காரில் கண்ணாடியை இறக்காமலே போனார். மறுநாள் கம்பத்தைப் பிடுங்கினோம், குழியை மூடினோம். ஆள் விட்டுச் சரிபண்ணுவதை அவனும் மறந்தான், நானும் மறந்தேன். மறந்தேன் என்று எழுதும்போது கை நிற்கிறது. மறக்கவில்லை. நினைக்காமல் இருந்தேன். அதன் பிறகு மழை வந்தது.

காமாலை பரவினதும் எங்கள் கட்சிதான் முதலில் மறியல் அறிவித்தது. காலிக் குடத்தோடு ரோட்டில் உட்கார்ந்தோம். "குடிநீரா, சாக்கடையா" என்று நான்தான் கத்தினேன். என் குரல்தான் எல்லோரையும்விடப் பெரிது. எங்கே ஓட்டை என்று தெரிந்த வாய் அது, அது கோஷம் போட்டுக்கொண்டிருந்தது. ஆபீஸர்கள் பயந்துபோய் ஆள் அனுப்பினார்கள். அவர்கள் தெருவின் அந்தக் கோடியில் தோண்டினார்கள், நடுவில் தோண்டினார்கள். நான் நின்று வேடிக்கை பார்த்தேன். சொன்னால் துரை கெடுவான், கட்சி கெடும், நான் கெடுவேன். ரோஸி அக்காவை அடக்கம் பண்ணி எட்டாம் நாள், உனக்குக் காய்ச்சல் இறங்காத ஒரு மத்தியானம், பொறுக்க முடியாமல் தண்ணி திறந்துவிடுகிற ஆளிடம் போய், "முனையில தோண்டிப் பாரேன்" என்றேன். ஏன் என்று சொல்லவில்லை. அவனும் கேட்கவில்லை. அரை மணி நேரத்தில் அடைத்துவிட்டான். அரை மணி நேர வேலை, பாப்பா. அக்காவின் சவப்பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனவர்களுக்குப் பின்னால் நானும் போயிருந்தேன். மரியதாஸ் என் தோளில் சாய்ந்து அழுதார்.

துரை சொன்ன பழைய கதை இதுதான். கையெழுத்துப் போட்டால் இதை அவன் தெருவில் சொல்வான், குழி தோண்டியது நான் என்று மட்டும் சொல்வான். போடாமல் இருந்தால் மரியதாஸ் போடுவார். தன் பொண்டாட்டி பிள்ளையைக் கொன்ற ஓட்டையைப் போட்டவன் மகளை, ஒன்றும் தெரியாமல் அவர் முன்மொழிவார். மூன்று நாளாக இரண்டையும் மாற்றி மாற்றி நினைத்துப் பார்த்தேன். இரண்டாவதுதான் அதிகமாகப் பயமுறுத்தியது.

இதுவரை எழுதிவிட்டு இன்றைக்கு மத்தியானம் எதிர் வீட்டுக்குப் போனேன். மரியதாஸ் பனியனோடு உட்கார்ந்து மாத்திரைப் பட்டையைப் பிரித்துக்கொண்டிருந்தார். நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன். ஒரு ஜோக்கும் வரவில்லை. அவர் பிரித்த மாத்திரையைத் திரும்பப் பட்டையிலேயே செருகப் பார்த்தார். "எந்த எடம்?" என்றார். சட்டையை மாட்டிக்கொண்டு வந்தார். தெருமுனையில், இப்போது மொபைல் கடை போர்டு இருக்கிறதே, அதற்கு இரண்டடி இந்தப் பக்கம் காட்டினேன். சிமெண்ட் போட்டு மூடியிருக்கிறது. அவர் அந்த இடத்தில் காலை வைக்காமல், ஓரமாக நின்று பார்த்துக்கொண்டே இருந்தார். ஒரு ஷேர் ஆட்டோக்காரன் ஹாரன் அடித்தான், நகரவில்லை. பிறகு, "கொயந்தைக்குத் தெரியுமா?" என்று கேட்டார். உன்னைத்தான் அவர் இன்னும் கொயந்தை என்கிறார். இல்லை என்றேன். "அதாண்ட சொல்லு. சொல்லிட்டு அப்புறம் கையெழுத்த போடு." திரும்பி நாலு எட்டு நடந்தவர் நின்று, "என்னாண்ட இனிமே பேசாத" என்றார். கதவைச் சாத்திக்கொண்டார்.

சொல்லிவிட்டேன். இதைப் படித்துவிட்டு உங்கம்மாவுக்கும் நீயே படித்துக் காட்டு, அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டு சொல்ல எனக்குத் தெம்பு இல்லை. படிவத்தில் என் பெயரும் பாகம் எண்ணும் வரிசை எண்ணும் எழுதி, கீழே கையெழுத்துப் போட்டு, திரும்ப ஊறுகாய் பாட்டிலுக்கு அடியில் வைத்திருக்கிறேன். கொஞ்சம் எண்ணெய்க் கறை பட்டிருக்கும், அதற்கு நான் பொறுப்பில்லை. இந்தக் கை போட்ட கையெழுத்து உனக்கு வேண்டாமென்றால் அடித்துவிடு. நான் ஒரு வார்த்தை கேட்க மாட்டேன். வேண்டும் என்றால், இந்தக் கடிதத்தை நம் வீட்டு கேட்டில், குழாயில் தண்ணி பிடிக்க வருகிறவர்கள் கண்ணுக்கு நேராக ஒட்டிவிடுவேன். ஒன்பது வீட்டு ஓட்டு போகலாம். தெருவே போகலாம். ஆனால் துரை கையில் இருக்கிற இரண்டு ஆயுதத்தில் ஒன்று அதோடு போய்விடும். இன்னொன்று அந்த லாரி. அதற்கு என்னிடம் மருந்து இல்லை. நீ ஜெயித்தாலும் தோற்றாலும் அந்த ரோட்டில்தான் தினமும் போக வேண்டும். எனக்குப் பயமாக இருக்கிறது, அம்மாடி. நிற்காதே என்று சொல்ல வாய் வருகிறது. அன்றைக்குக் கோஷம் போட்ட வாய் இது, இதன் பேச்சை நீ கேட்க வேண்டாம்.

ஒன்று மட்டும் கேள். ஜெயித்து அந்த நாற்காலியில் உட்கார்ந்தால், என்னைப்போல ஒருத்தன் வந்து, ஏன் என்று சொல்லாமல், "அங்க தோண்டிப் பாரு" என்பான். அவனை விரட்டாதே. உட்கார வைத்து முழுசாகக் கேள். அவன் எட்டு நாள் தாமதமாக வந்திருப்பான்.

நாளைக்குத்தான் மனுத் தாக்கலுக்குக் கடைசி நாள். ஸ்கூட்டியை எடுக்காதே. பத்து மணிக்கு வண்டியைத் துடைத்து வாசலில் நிறுத்தியிருப்பேன். பின்னாலேயே வந்து ஹாரன் அடிக்காமல், உன்னைப் பின்னால் உட்கார வைத்து நானே ஓட்டுகிறேன். நீயும் அம்மாவும் உட்கார்ந்தால் இன்னும் ஒரு சீட் இருக்கும். வழியில் யார் கை காட்டினாலும் ஏற்ற மாட்டேன். கிளம்புவதற்கு முன் எதிர் வீட்டுக் கதவைப் பார்த்துக்கொண்டு ஐந்து நிமிஷம் நிற்பேன். ஹாரன் அடிக்க மாட்டேன். நீயும் அவசரப்படுத்தாதே.

படிவத்தில் பெயர் போட்டிருக்கிற,
உன் அப்பா